ஸ்மாலில் போடாதே: ஃபோர் டி, டோட்டோ, கேரள லாட்டரி ஒரு நெடுநாள் கணக்கு

பங்காளி வீட்டுப் பையன் ஒருவன் தேவகோட்டையிலிருந்து சிங்கப்பூருக்கு வேலைக்குப் போயிருக்கிறான். போன சூட்டோடு கேட்டான்: “சித்தப்பா, ஃபோர் டி நல்லதா, டோட்டோ நல்லதா? ஃபோர் டின்னா ஸ்மால்ல போடு, அதுலதான் காசு கூடன்னு ஐயா சொல்றாக.” ஃபோர் டி, டோட்டோ இரண்டும் அங்கே நடக்கிற லாட்டரி. ஸ்மால் என்பது ஃபோர் டி சீட்டில் தொகை எழுதுகிற இரண்டு கட்டங்களில் ஒன்று, மற்றது பிக். அவனுக்குச் சொன்னதையே விரித்து எழுதுகிறேன். காரைக்குடி, தேவகோட்டை, புதுக்கோட்டைப் பக்கமிருந்து அங்கே போகிற பிள்ளைகளுக்கெல்லாம் யாராவது ஒரு ஐயா இதையேதான் சொல்லி அனுப்புகிறார்.

எப்படிப் போடுவது, எந்தக் கடையில் போடுவது என்பதெல்லாம் அங்கே போய்ச் சேர்ந்த வாரமே தெரிந்துவிடும். ஒரு வெள்ளி, அதாவது நூறு காசு கொண்ட சிங்கப்பூர் டாலர், போட்டால் சராசரியாக எவ்வளவு திரும்புகிறது என்ற ஐந்தொகையைத்தான் யாரும் எடுப்பதில்லை. வட்டிக்கு அரைக் காசு கூடக் குறைய இருந்தால் மூன்று நாள் பேசுகிற நம் ஊர்க்காரர்கள், இதில் மட்டும் முதல் பரிசைப் பார்த்துவிட்டு மேலே படிப்பதை நிறுத்திவிடுகிறார்கள்.

சிங்கப்பூர் ஃபோர் டியில் 0000 முதல் 9999 வரை 10,000 எண்கள். புதன், சனி, ஞாயிறு குலுக்கல். ஒவ்வொன்றிலும் 23 எண்கள் விழும்: முதல் மூன்று பரிசு, ஸ்டார்ட்டர் என்ற பரிசு 10, கன்சொலேஷன் என்ற ஆறுதல் பரிசு 10. பிக்கில் ஒரு வெள்ளிக்கு முதல் பரிசு 2,000, இரண்டாவது 1,000, மூன்றாவது 490, ஸ்டார்ட்டர் 250, கன்சொலேஷன் 60. ஸ்மாலில் 3,000, 2,000, 800. அதோடு சரி. மீதி 20 எண்ணில் உங்கள் எண் விழுந்தாலும் ஸ்மால்காரருக்கு ஒரு காசு கிடையாது.

10,000 எண்ணையும் ஆளுக்கு ஒன்றாக ஒரு வெள்ளி வீதம் பிக்கில் வாங்கினார்கள் என்று வையுங்கள். வரவு 10,000. பரிசாகப் போவது 3,490 + 2,500 + 600 = 6,590. ஒரு வெள்ளிக்கு 65.9 காசு திரும்புகிறது. ஸ்மாலில் அதே 10,000 வெள்ளிக்குப் பரிசு 5,800. ஒரு வெள்ளிக்கு 58 காசு. ஒரே கடை, ஒரே குலுக்கல், ஒரே எண். எந்தக் கட்டத்தில் தொகையை எழுதினோம் என்பதற்காக மட்டும் வெள்ளிக்கு 8 காசு போகிறது.

ஐயா பொய் சொல்லவில்லை. கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து தொழில் செய்ய, போன குடும்பங்களுக்கு மலேசியப் பழக்கம்தான் முந்தியது, அங்கே கணக்கு வேறு. மலேசியாவில் ஒரு ரிங்கிட்டுக்கு பிக்கில் 2,500, 1,000, 500, அடுத்த பத்து எண்ணுக்கு 180, கன்சொலேஷன் பத்துக்கு 60. கூட்டினால் 6,400, அதாவது 64 சென். ஸ்மாலில் 3,500, 2,000, 1,000. கூட்டினால் 6,500, அதாவது 65 சென். அங்கே ஸ்மால் ஒரு சென் கூடத் தருகிறது, ஐயா சொன்னது சரி. ஜோகூர் பாலத்தைத் தாண்டிய உடனே அதே சொல் 8 காசு நஷ்டம். பிக், ஸ்மால் என்று இரு நாட்டிலும் ஒரே பெயர் இருப்பதால் பணமும் ஒரே மாதிரி நடக்கும் என்று எல்லாரும் நினைத்துக்கொள்கிறார்கள். எனக்கு இதில் தீராத எரிச்சல். மற்றதெல்லாம் ஆளுக்கு ஆள் ருசி. இது ருசியே இல்லை, வெறும் கூட்டல்.

வருடக் கணக்கில் பார்த்தால் இன்னும் உறைக்கும். வாரம் மூன்று குலுக்கல் என்றால் வருடத்துக்கு 156. ஒவ்வொன்றிலும் ஒரு வெள்ளி பிக் போடுகிற 100 பேரில் ஏறக்குறைய 70 பேருக்கு அந்த வருடம் முழுவதும் கன்சொலேஷன்கூட விழாது. ஸ்மாலில் போடுகிற 100 பேரில் 95 பேருக்கு ஒன்றும் விழாது. பிக்கில் ஒரு குலுக்கலுக்கு ஏதோ ஒன்று விழ 435-க்கு ஒரு வாய்ப்பு; ஸ்மாலில் 3,333-க்கு ஒன்று. 3,000 என்ற எண் பெரிதாகத் தெரிவதற்குக் கொடுக்கிற விலை அது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சிராங்கூன் ரோட்டுப் பக்கம் கடை வரிசையில் நின்றால் தெரியும். பின்னால் கூட்டம் நெருக்க, பென்சிலால் சீட்டில் நாலு எண்ணை எழுதி, பக்கத்துப் பக்கத்தில் இருக்கிற பிக், ஸ்மால் இரண்டிலும் தலா ஒரு வெள்ளி எழுதிவிட்டு நீட்டுகிறார்கள். இரண்டிலும் போட்டால் 2 வெள்ளிக்குத் திரும்புவது 123.9 காசு, அதே 2 வெள்ளியும் பிக்கில் போனால் 131.8. காசு கொடுத்து வாங்கிய சீட்டை அங்கேயே நின்று பாருங்கள்: எண், குலுக்கல் தேதி, பிக்கா ஸ்மாலா. ஆறு மணிக்கு விற்பனை நிறுத்தம், ஆறரைக்குக் குலுக்கல். தப்பாக அடித்த சீட்டோடு ஐந்தே முக்காலுக்குத் திரும்பி வந்து வரிசையில் நிற்க முடியாது.

ஃபோர் டியில் வரிசை மாறினாலும் விழட்டும் என்று நினைப்பவர்களுக்கு இரண்டு வழி. நாலு இலக்கமும் வேறு வேறானால் 24 விதமாக மாற்றலாம். ஒரு இலக்கம் இரண்டு தடவை வந்தால் 12. இரண்டு ஜோடி என்றால் 6. மூன்று ஒன்றுபோல் இருந்தால் 4. சிஸ்டம் என்று போட்டால் ஒவ்வொன்றுக்கும் தனித்தனி ஒரு வெள்ளி, 24 வெள்ளி ஆகும். ஐ-பெட் என்று போட்டால் ஒரு வெள்ளியே 24 ஆகப் பிரிந்து நிற்கும், பரிசும் 24-ல் ஒரு பங்கு. ஒரு வெள்ளி ஐ-பெட் பிக்கில் முதல் பரிசே 83 வெள்ளிப் பக்கம்தான். அதைத் தெரியாமல் 2,000 வந்துவிட்டது என்று ஊருக்கு ஃபோன் போட்டவர்கள் உண்டு. வாய்ப்பு 24 மடங்கு, பரிசு 24-ல் ஒன்று, சராசரி மாறுவதில்லை.

ஃபோர் டியைப் பற்றி நல்லதும் சொல்ல வேண்டும். பரிசுத் தொகை முன்கூட்டியே எழுதி வைத்தது. எத்தனை பேர் அதே எண்ணை வாங்கினாலும் உங்களுக்கு 2,000 என்றால் 2,000தான், பங்கு பிரிப்பது கிடையாது. அதனாலேயே எல்லாரும் மொய்க்கிற எண்ணுக்கு வரம்பு வைத்து, விற்றுத் தீர்ந்தது என்று நிறுத்திவிடுவார்கள். செய்தியில் வந்த கார் நம்பரைத் தேடி ஓடுகிறவர்களுக்கு நடப்பது இதுதான்.

டோட்டோ இதற்கு நேர் எதிர். 1 முதல் 49 வரை ஆறு எண், ஒரு வெள்ளி, திங்களும் வியாழனும். விற்பனையில் 54 சதவீதம் பரிசுக்குப் போகிறது. ஃபோர் டி பிக்கைவிட 12 காசு குறைவு. அதுவும் எல்லாருக்கும் பரவி வருகிற 54 இல்லை. மூன்று எண் சேர்ந்தால் 10 வெள்ளி, மூன்றும், ஏழாவதாகக் குலுக்குகிற கூடுதல் எண்ணும் சேர்ந்தால் 25, நாலு எண்ணுக்கு 50: இவை மாறாத தொகை. வாய்ப்பு முறையே 61-ல் ஒன்று, 812-ல் ஒன்று, 1,083-ல் ஒன்று. இந்த மூன்றும் சேர்ந்து வெள்ளிக்கு 24 காசு. இரண்டாவது முதல் நான்காவது பிரிவு வரை இன்னொரு 9 காசு. மீதி 20 காசுக்கு மேல் முழுதும் 1,39,83,816-ல் ஒருவருக்கு விழுகிற முதல் பரிசுக்குள் உட்கார்ந்திருக்கிறது. நமக்கு அது விழாது என்று வைத்துப் பார்த்தால் டோட்டோ திருப்புவது வெள்ளிக்கு 33 காசுதான்.

முதல் பரிசு குறைந்தது 10 லட்சம் வெள்ளி. யாருக்கும் விழாவிட்டால் அடுத்த குலுக்கலுக்குச் சேரும். நாலாவது குலுக்கலிலும் விழவில்லை என்றால் கீழ்ப் பிரிவுக்கு இறங்கிவிடும். சேர்ந்து பெருத்த நாளிலும், சீனப் புத்தாண்டு ஹோங்பாவ் குலுக்கலிலும் கணக்கு நம் பக்கம் சாய்வதுபோல் தெரியும். அன்றைக்குக் கூட்டமும் பெருகும், இரண்டு மூன்று பேர் பிரித்துக்கொள்கிற வாய்ப்பும் பெருகும். இந்த இடத்தில் ஒன்று உருப்படியாகச் செய்யலாம். பிறந்த நாள், கல்யாண நாள் என்று 31-க்குள்ளேயே எண் எடுக்கிறவர்கள் ஏராளம். 32-லிருந்து 49 வரையும் கலந்து எடுத்தால் விழுகிற வாய்ப்பு கூடாது, விழுந்தால் பங்காளிகள் குறைவார்கள். குவிக் பிக் கொடுத்தால் மெஷினே அப்படிப் பரப்பி எடுத்துத் தரும்.

டோட்டோவில் ஆறுக்குப் பதில் ஏழு எண் எடுக்கிற சிஸ்டம் 7 என்றால் 7 வெள்ளி, 8 என்றால் 28, 9 என்றால் 84, 12 என்றால் 924. ஐந்து எண் கொடுத்து ஆறாவதை உருளவிடுகிற சிஸ்டம் ரோல் 44 வெள்ளி. அத்தனைக்கும் வெள்ளிக்குத் திரும்புவது அதே 54-தான். தங்கும் விடுதியில் பத்துப் பேர் சேர்ந்து போடுகிறபோது, சீட்டை ஃபோட்டோ எடுத்து எல்லாருக்கும் குலுக்கலுக்கு முன்பே அனுப்பிவிட வேண்டும். யார் எவ்வளவு போட்டார் என்பதையும் அதே மெசேஜில் எழுதிவிட வேண்டும். சண்டை வருவது பரிசு பெரிதாக விழுந்தால் மட்டுமில்லை. 50 வெள்ளிக்கும் வந்திருக்கிறது.

அடுத்து கேரளச் சீட்டு. சபரிமலைக்குப் போகிறவர்கள் குமுளியிலோ ஆரியங்காவிலோ வாங்கி வருவது வழக்கம் என்பதால் இதைச் சொல்லாமல் விட முடியாது. 1967-ல் தொடங்கிய அரசு லாட்டரி. தினமும் பிற்பகல் 3 மணிக்குக் குலுக்கல். 2025 மே மாதம் முதல் வாரச் சீட்டு 50 ரூபாய், முதல் பரிசு 1 கோடி. 12 தொடர், ஒவ்வொன்றிலும் 9 லட்சம் எண். முழுக்க அச்சடித்தால் 1.08 கோடி சீட்டு. 1 கோடியை அதால் வகுத்தால் முதல் பரிசின் பங்கு சீட்டுக்கு 93 பைசா. ஐம்பது ரூபாய் கொடுத்து, நாம் ஆசைப்பட்டு வாங்குகிற அந்தக் கோடி, ஒரு ரூபாய்கூடப் பெறாது.

அந்தக் கோடியும் முழுசாக வராது. ஏஜென்ட் கமிஷன் 10 சதவீதம் என்று வைத்தால் மிச்சம் 90 லட்சம். அதில் 30 சதவீதம் வருமான வரி 27 லட்சம் போனால் 63. வரி மேல் சர்சார்ஜும் செஸ்ஸும் போனால் கைக்கு 59 லட்சம் அளவில் நிற்கும். 2023 திருவோணம் பம்பர் 25 கோடி தமிழ்நாட்டைச் சேர்ந்த நாலு பேருக்கு விழுந்ததே, அந்தத் தொகைக்கும் இதே வெட்டுதான்: கமிஷன் போக 22.5 கோடி, 30 சதவீதம் போக 15.75, அதற்கு மேலும் பிடித்தம். சிங்கப்பூரில் பரிசுக்கு வரி கிடையாது. 2,000 என்றால் 2,000. சீட்டு விலைக்குள்ளேயே இருக்கிற ஜிஎஸ்டி வேறு. 2025 செப்டம்பர் 22 முதல் 40 சதவீதம், 50 ரூபாய்ச் சீட்டில் 14 ரூபாய் 29 பைசா அதற்கே போய்விடுகிறது.

கேரளச் சீட்டில் எனக்குப் பிடித்தது அடிப் பரிசுகள். கடைசி நாலு இலக்கத்துக்கு விழுகிறவை. குலுக்கிய ஒவ்வொரு நாலு இலக்கத்துக்கும் 10,000-ல் ஒரு வாய்ப்பு, தொடர் எழுத்து எதுவானாலும் சரி. அதனால் ஒரே எண்ணை 12 தொடரிலும் செட்டாக வாங்குவதற்கும், 12 வேறு எண்களை வாங்குவதற்கும் சராசரி ஒன்றே. செட்டில் விழுந்தால் 12 மடங்கு, விழாவிட்டால் 600 ரூபாய் மொத்தமாகப் போகும். ஏதாவது ஒன்று விழுந்து பார்க்க ஆசைப்படுகிறவர் கடைசி நாலு இலக்கம் ஒத்துப்போகாத சீட்டுகளாகப் பொறுக்க வேண்டும். பரிசு கேட்க 30 நாள்தான் அவகாசம். 5,000 ரூபாய் வரை கேரளத்தில் உள்ள எந்த லாட்டரிக் கடையிலும் மாற்றலாம். அதற்கு மேல் அடையாளச் சான்றோடு வங்கியிலோ அரசு லாட்டரி அலுவலகத்திலோ ஒப்படைக்க வேண்டும். காரைக்குடிக்கு வந்த பிறகு 100 ரூபாய்ப் பரிசு தெரியவந்தால் பஸ் செலவுக்குக்கூட ஆகாது. கேரள அரசு சீட்டை ஆன்லைனில் விற்பதில்லை. வாட்ஸ்அப்பில் சீட்டுப் படம் அனுப்பிக் காசு கேட்பவர் யாராக இருந்தாலும் ஏமாற்றுக்காரர்.

நம் ஊரில் கேரள முடிவின் கடைசி மூன்று இலக்கத்தை வைத்து நடக்கிற மூணு நம்பர் சூதாட்டத்தை இந்த வரிசையில் சேர்க்கவே கூடாது. தமிழ்நாட்டில் 2003 ஜனவரியில் லாட்டரியே தடையாகிவிட்டது. மூன்று இலக்கம் என்றால் 1,000-க்கு ஒன்று. ஒரு ரூபாய்க்கு 659 ரூபாய் கொடுத்தால்தான் அது சிங்கப்பூர் பிக்குக்குச் சமம். அவ்வளவு கொடு என்று கேட்க அங்கே அச்சடித்த சீட்டும் இல்லை, சட்டமும் இல்லை. துண்டுத்தாளில் எழுதிக் கொடுத்தவர் மறுநாள் இல்லை என்றால் இல்லைதான். கூலி வாங்கிய கையோடு அங்கே போகிறவர்களைப் பார்த்தால் வயிறு எரிகிறது.

ஆக, கூட்டிக் கழித்தால் சிங்கப்பூர் ஃபோர் டி பிக் முன்னால் நிற்கிறது. வரி இல்லை, பங்கு இல்லை, 65.9 காசு. ஆனாலும் அந்தப் பையனுக்கு டோட்டோவைத்தான் சொன்னேன். ஃபோர் டி பிடித்துக்கொண்டால் கண்ணில் படுகிற நாலு இலக்கமெல்லாம் எண்ணாகிவிடுகிறது: வண்டி நம்பர், பிளாக் நம்பர், கனவில் வந்த ஆத்தா சொன்ன நம்பர். ஒரு வெள்ளி ஐந்தாகிறது, பிக்கோடு ஸ்மாலும் சேர்கிறது, வாரம் மூன்று நாள் என்பதால் ஆறுவதற்கு இடைவெளியும் இல்லை. டோட்டோவில் குவிக் பிக் ஒரு வெள்ளி வாங்கினால் யோசிக்க ஒன்றுமில்லை. வருடம் 104 குலுக்கலுக்கு 104 வெள்ளி. 100 பேரில் 85 பேருக்கு ஒரு தடவையாவது ஏதோ ஒன்று, பெரும்பாலும் 10 வெள்ளி, விழுந்துவிடும். கணக்குப்படி 12 காசு நஷ்டமான யோசனைதான் இது. தெரிந்தேதான் சொல்கிறேன்.

அவனிடம் இன்னும் இரண்டு சொல்லியிருக்கிறேன். சீட்டை வெயில் படும் இடத்திலோ மணிபர்ஸில் வியர்வை படவோ வைக்காதே, வெப்பத்தில் எழுத்து போகிற தாள் அது. பரிசு கேட்க 180 நாள் இருக்கிறது என்று அலட்சியமாக இருந்தால் அதற்குள் எண் அழிந்துவிடும். இன்னொன்று, ஊரிலிருந்து யாராவது காசு அனுப்பி எனக்கும் சேர்த்துப் போடு என்று கேட்டால் வாங்காதே. லாட்டரிச் சீட்டு வாங்க இந்தியாவிலிருந்து வெளிநாட்டுக்குப் பணம் அனுப்புவது 2000-ஆம் ஆண்டின் அந்நியச் செலாவணி நடப்புக் கணக்கு விதிகளில் முதல் அட்டவணையிலேயே தடை. ஐயா கேட்டாலும் அதே பதில்தான்.