அப்பீலை வாபஸ் வாங்கலாமா, ராஜி டிகிரி (சமரசத் தீர்ப்பாணை) கேட்கலாமா?

அப்பீல் நிலுவையில் இருக்கும்போதே இரு தரப்பும் பேசி முடித்துவிட்டால், "ஒரு மெமோ போட்டு வாபஸ் வாங்கிடலாம் சார்" என்ற யோசனைதான் முதலில் வரும். பெரும்பாலும் ஒரே வாய்தாவில் வேலை முடிந்துவிடும், சரி. ஆனால் வாபஸ் ஆவது அப்பீல் மட்டும்தான். கீழ்க்கோர்ட் டிகிரி (தீர்ப்பாணை) அப்படியே உயிரோடு நிற்கும்.

ஒரு கடன் வழக்கில் 5 லட்சத்துக்கு டிகிரி ஆகியிருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்பீலில் 3 லட்சத்துக்குப் பேசி, பணத்தை வெளியிலேயே கொடுத்துவிட்டு வாபஸ் வாங்குகிறார் பிரதிவாதி. இரண்டு வருடம் கழித்து எதிராளி முழு டிகிரித் தொகைக்கும் இ.பி. (டிகிரியை நிறைவேற்றக் கேட்கும் மனு) போட்டால்? அந்தக் கோர்ட்டில் ரசீதை நீட்டிப் பயனில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 21 விதி 2-இன்படி, கோர்ட்டில் பதிவாகாத பட்டுவாடா கணக்கில் வராது. அதைப் பதிவு செய்யச் சொல்லி மனு போட பிரதிவாதிக்கு 30 நாள்தான். பண டிகிரியை நிறைவேற்ற எதிராளிக்கோ 12 வருடம்!

ராஜி டிகிரியில் இந்த வம்பு இல்லை. ஆணை 23 விதி 3-இன் கீழ் நிபந்தனைகளை எழுதி, இரு தரப்பும் கையெழுத்திட்டுக் கூட்டு மெமோ தாக்கல் செய்தால், பழைய டிகிரி இருந்த இடத்தில் புதியது வந்துவிடும். தவணை தவறினால் அதை வைத்தே இ.பி. போடலாம். வழக்குக்கு வெளியே உள்ள விஷயங்களையும் சேர்க்கலாம். ஆனால் வழக்கில் இல்லாத சொத்தைச் சேர்த்தால் பத்திரப்பதிவு அலுவலகத்துக்கும் நடக்க வேண்டியிருக்கும். தரப்பில் மைனர் இருந்தால், கோர்ட் அனுமதி இல்லாத ராஜி அந்த மைனரைக் கட்டுப்படுத்தாது. அவசரத்தில் விட்டுப்போவது இதுதான்.

மூன்றாவது வழி லோக் அதாலத் (மக்கள் நீதிமன்றம்). அங்கே ஆகும் அவார்டும் டிகிரிக்குச் சமம், அப்பீல் கிடையாது, கோர்ட் கட்டணமும் திரும்ப வரும். கட்டணத்துக்காக மட்டும் அங்கே போக வேண்டியதில்லை. கட்டணத்தைத் திருப்பித் தரச் சொல்லும் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 69-ஏ பிரிவு, கோர்ட் அனுப்பாமல் தாங்களே பேசி முடித்தவர்களுக்கும் பொருந்தும் என்று 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதுவும் சமரசத்துக்குப் பிறகு அப்பீலை வாபஸ் வாங்கிய வழக்கில்! ஆகவே வாபஸ்தான் என்றாலும் வெறுமனே "அப்பீலை வற்புறுத்தவில்லை" என்று எழுதாதீர்கள். சமரசம் ஆனதைச் சொல்லி, கட்டணத்தையும் அதே மெமோவில் கேளுங்கள்.

என்னைக் கேட்டால், கீழ்க்கோர்ட் சொன்னதை அப்படியே ஏற்கிறீர்கள் என்றால் மட்டும் வாபஸ். ஒரு ரூபாய் மாறினாலும் ராஜி டிகிரிதான். வாபஸ் வாங்கும் முன் எதிராளி குறுக்கு ஆட்சேபணை (உங்கள் அப்பீலிலேயே, டிகிரியில் தனக்குப் பாதகமான பகுதியை எதிர்த்து அவர் போடுவது) போட்டிருக்கிறாரா என்று வழக்குக் கட்டைப் புரட்டிப் பாருங்கள். உங்கள் அப்பீல் போனாலும் அது தனியாக விசாரணைக்கு நிற்கும்.