திறந்து கிடந்த ஃபோல்டர்கள்: ஆறு வருட அனுபவம்

கல்யாணமாகித் தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகருக்கு வந்த புதிதில் அங்கே சாட்ஸ்வொர்த் பகுதியில் மாமியார் வீட்டு மாடியில் இருந்தோம். அவருக்குத் தமிழ் பேச வராது, ஆனால் பழைய பாட்டெல்லாம் மனப்பாடம். அவருக்காகக் கறுப்பு வெள்ளைப் படங்களைத் தேடப் போய்த்தான் இந்த 'இண்டெக்ஸ் ஆஃப்' பக்கங்கள், அதாவது ஒரு சர்வரின் ஃபோல்டரில் இருக்கும் கோப்புகளை அப்படியே பட்டியலிடும் பக்கங்கள், எனக்குப் பழக்கமாயின.

பார்த்தவர்களுக்குத் தெரியும். வெள்ளைப் பக்கம், நீல எழுத்து, மேலே 'பேரன்ட் டைரக்டரி', கீழே கோப்பின் பெயர், தேதி, அளவு. விளம்பரத் தொல்லை கிடையாது. ஃபோல்டரில் முகப்புக் கோப்பு இல்லை, பட்டியல் போடும் வசதியையும் யாரும் அணைக்கவில்லை என்றால், இணையதளங்களை இயக்கும் அப்பாச்சி என்ற சர்வர் மென்பொருள் உள்ளே இருப்பதையெல்லாம் அப்படியே காட்டிவிடும். கூகுளும் வந்து மேய்ந்துவிட்டுப் போகும். பல இடங்களில் அது யாரோ பூட்ட மறந்த கதவுதான்.

பயன்பாடு? சுமார்தான். அப்போதெல்லாம் பாதி இறங்கும்போது லோட்ஷெட்டிங் என்கிற மின்வெட்டு வந்து ரவுட்டர் அணையும். கோப்புகளை இறக்கும் டபிள்யூகெட் என்ற நிரலில் 'மைனஸ் சி' போட்டால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம், ஆனால் கரண்ட் வருவதற்குள் அங்கே ஃபோல்டரே காணாமல் போயிருக்கும். ஒருமுறை படத்தின் பெயருக்குப் பின்னால் டாட் எம்கேவி, அதற்கும் பின்னால் டாட் இஎக்ஸ்இ, அதாவது படமே இல்லை, திறந்தால் ஓடும் நிரல். அளவு 3 எம்பி. நல்லவேளை, அளவைப் பார்த்தேன்.

அப்புறம் என் முறை வந்தது. மச்சினி கல்யாண வீடியோவை ஊரில் இருப்பவர்களுக்குக் காட்டலாமென்று பழைய கணினி ஒன்றைச் சர்வராக்கி, வெளியிலிருந்து வருபவர்களுக்காக ரவுட்டரில் போர்ட்டைத் திறந்துவிட்டேன். மூன்றாம் மாதம் வீட்டில் நெட் தவழ்ந்தது. யார் வந்தார்கள் என்று சர்வர் எழுதிவைக்கும் லாகைத் திறந்தால், தெரியாத ஐபி முகவரி ஒன்றின் பெயரில் வரிவரியாக 206, 206, அதாவது 'கோப்பில் ஒரு பகுதி அனுப்பப்பட்டது'. யாரோ ஒரே நேரத்தில் பல இணைப்பு போட்டுத் துண்டு துண்டாக இறக்கிக்கொண்டிருந்தார்கள். 'கல்யாணம்_ஃபுல்_ஹெச்டி' என்று நான் வைத்த பெயரைப் பார்த்து ஏதோ புதுப்படம் என்று நினைத்திருப்பார் போல. பாவம், இரண்டு மணி நேரம் பந்தியைத்தான் பார்த்திருப்பார். சிரித்துவிட்டேன். ஆனால் இத்தனை நாள் மற்றவர்கள் சர்வரில் நான் செய்ததும் இதேதானே?

முதலில் வெறும் முகப்புக் கோப்பு ஒன்றை வைத்தேன். பட்டியல் மறைந்தது, ஆனால் முகவரி தெரிந்தவருக்கு வீடியோ வந்துகொண்டேதான் இருந்தது. அப்பாச்சி அமைப்பில் பட்டியலை அணைக்கும் 'ஆப்ஷன்ஸ் மைனஸ் இண்டெக்சஸ்' வரியைப் போட்டு, கடவுச்சொல்லும் வைத்த பிறகுதான் நிம்மதி.

இப்போது பெரிய படம் என்றால் உம்ஷ்லங்காவில் இருக்கும் கேட்வே மால் தியேட்டரில் டிக்கெட் எடுத்துவிடுகிறோம். பழையது வேண்டுமானால் உரிமை வைத்திருக்கும் நிறுவனங்களின் யூடியூப் சேனல்கள். இன்டர்நெட் ஆர்கைவும் நல்ல இடம், ஆனால் ஏற்றியவர் 'பொதுச்சொத்து' என்று எழுதியதை மட்டும் நம்பாதீர்கள், படம் வந்த வருடத்தைப் பாருங்கள். இங்கே தென்னாப்பிரிக்காவில் 1978 பதிப்புரிமைச் சட்டப்படி படத்துக்கு 50 ஆண்டு, இந்தியாவில் 60. பாட்டுக்குக் கணக்கு வேறு, எழுதியவர் காலத்துக்குப் பிறகும் பல பத்தாண்டுகள் உரிமை ஓடும். பாட்டில்லாத பழைய தமிழ்ப்படத்துக்கு எங்கே போவது, சொல்லுங்கள்!

லாகில் இன்றும் வாரம் ஒருமுறையாவது யாரோ 'கல்யாணம்' ஃபோல்டரைத் தட்டிப் பார்க்கிறார்கள். 401, அதாவது 'கடவுச்சொல் இல்லாமல் அனுமதியில்லை' என்ற பதிலை வாங்கிக்கொண்டு போகிறார்கள்.