படுக்கையறையில் ஒரு வானிலை ரேடியோ: ஓக்லஹோமாவுக்குக் குடிவருபவர்கள் முதலில் வாங்க வேண்டியது

வேலை மாறி அமெரிக்காவின் இந்த ஓக்லஹோமா மாநிலத்துக்கு வரும் நம்மவர்கள் முதல் வாரமே கார், மெத்தை, ரைஸ் குக்கர் எல்லாம் வாங்கிவிடுகிறார்கள், வானிலை ரேடியோவை மட்டும் யாரும் வாங்குவதில்லை. கேட்டால் போனிலேயே டொர்னாடோ (மேகத்திலிருந்து தரை வரை இறங்கும் சுழல்காற்று) அலர்ட் வருமே என்கிறார்கள். வரும்தான், ஆனால் நடுராத்திரியில் போன் சார்ஜ் தீர்ந்து ஹாலில் கிடந்தால் என்ன செய்வது? பக்கத்து டவர் காற்றில் சாய்ந்துவிட்டால்? ஊர் சைரன் இருக்கிறதே என்றால், அது வீட்டுக்கு வெளியே இருப்பவர்களை உள்ளே அனுப்புவதற்காக வைத்தது. ஜன்னலைச் சாத்தி ஏசி போட்டுப் படுத்திருக்கும்போது, கூரையில் கல்மழை அடிக்கிற சத்தத்தில், அது காதில் விழும் என்று நம்பவே கூடாது. 2024 நவம்பர் 3 அன்று நள்ளிரவு தாண்டி, ஊரே தூங்கிக்கொண்டிருந்தபோதுதான் ஓக்லஹோமா சிட்டிப் பகுதியில் டொர்னாடோக்கள் இறங்கின. நான் இருக்கும் நார்மனில் 2023 பிப்ரவரியில் அடித்ததும் இருட்டிய பிறகுதான்.

இந்த ரேடியோவின் விலை 30லிருந்து 40 டாலர். தேசிய வானிலைச் சேவை நாள் முழுக்க ஒலிபரப்பும் வானிலை அறிவிப்பை மட்டுமே பிடிக்கும், பாட்டெல்லாம் வராது. 162.400 முதல் 162.550 மெகாஹெர்ட்ஸுக்குள் மொத்தம் 7 அலைவரிசைகள், நாடு முழுக்க ஆயிரத்துக்கும் மேற்பட்ட டிரான்ஸ்மிட்டர்கள். கரன்ட்டில் ஓடும், கரன்ட் போனால் உள்ளே போட்டு வைத்த பேட்டரியில் ஓடும். மற்ற நேரம் வாயைத் திறக்காது. உங்கள் கவுன்ட்டிக்கு (நம் ஊர் மாவட்டம் மாதிரி) எச்சரிக்கை வந்தால் மட்டும் முதலில் கரகரவென்று மூன்று முறை ஒரு சத்தம், அப்புறம் காதைத் துளைக்கும் அலாரம், அதன் பிறகு கம்ப்யூட்டர் குரல் எந்த ஊர் பக்கம், எந்தத் திசையில், என்ன வேகத்தில் வருகிறது என்று சொல்லும். அந்த அலாரத்துக்குத்தான் காசு கொடுக்கிறோம். எவ்வளவு ஆழ்ந்த தூக்கத்திலும் ஆளை உட்கார வைத்துவிடும்.

இவ்வளவு அவசரம் ஏன் என்று புரிய, டொர்னாடோ எப்படி உருவாகிறது என்று தெரிந்திருக்க வேண்டும். நம் ஊர்ப் புயல் கடலில் கருக்கொண்டு நாள் கணக்கில் நகர்ந்து வரும், சாட்டிலைட்டில் பார்த்துக்கொண்டே இருக்கலாம். இங்கே கதையே வேறு. மெக்சிகோ வளைகுடாவிலிருந்து ஈரமும் சூடுமான காற்று தரையையொட்டி வருகிறது, மேற்கே மேட்டு நிலத்திலிருந்து வறண்ட காற்று வந்து அதன் மேல் ஏறுகிறது, அதற்கும் மேலே குளிர்ந்த காற்று வேகமாக ஓடுகிறது. தரையில் ஒரு திசை, உயரே வேறு திசை, வேறு வேகம் என்று காற்று வீசும்போது நடுவில் இருக்கும் காற்று, சப்பாத்திக் கட்டை உருளுவது மாதிரி, படுக்கை வாட்டில் உருளத் தொடங்கும். இடிமேகம் சூடான காற்றை மேலே உறிஞ்சும்போது அந்த உருளையும் நிமிர்ந்துவிட, மேகமே சுழல ஆரம்பிக்கிறது. இதைத்தான் சூப்பர்செல் என்கிறார்கள். இப்படிச் சுழலும் மேகங்களில் பெரும்பாலானவை டொர்னாடோ விடாமலேயே கலைந்துபோகும். எது விடும், எது விடாது என்பதை ரேடாரைப் பார்த்துக்கொண்டிருக்கும் நிபுணர்களாலேயே முன்கூட்டி உறுதியாகச் சொல்ல முடிவதில்லை. அதனால்தான் கையில் கிடைப்பது நிமிடங்கள் மட்டும்.

நார்மனுக்கு அடுத்த ஊரான மூரில் 2013 மே 20 அன்று பிற்பகல் 2:40க்கு எச்சரிக்கை விட்டார்கள், 2:56க்கு டொர்னாடோ தரையைத் தொட்டது. அந்த 16 நிமிடத்தில் எத்தனையோ பேர் பிழைத்தார்கள். அப்படியும் 24 பேர் இறந்தார்கள், அதில் ஏழு பேர் ஒரே தொடக்கப் பள்ளியில் படித்த குழந்தைகள். அந்த ஊர் வழியாகப் போகும்போதெல்லாம் எனக்கு மனசு கனத்துவிடும்.

மிசௌரியில் ஜாப்ளின் ஊரில் 2011 மே 22 அன்று டொர்னாடோவில் 158 பேர் இறந்தார்கள். முதல் சைரன் அடித்தும் பலர் உடனே ஒளியவில்லை, நிஜம்தானா என்று வேறு வழியில் உறுதி செய்துகொள்ளக் காத்திருந்தார்கள் என்று பிறகு நடந்த ஆய்வில் தெரிந்தது. அந்த ஊர் மரங்கள் கிளை போய், பட்டையும் உரிந்து, வெறும் கட்டையாக நின்றன. மண்ணும் மரத்தூளும் புகுந்த காயங்களில் அரிதான பூஞ்சைத் தொற்று வந்து, பாதிக்கப்பட்ட 13 பேரில் ஐந்து பேர் இறந்தார்கள். காற்று நின்ற பிறகும் ஆபத்து நிற்கவில்லை.

சரி, ரேடியோவுக்கு வருவோம். வாங்கும்போது பெட்டியில் ‘பப்ளிக் அலர்ட்’ முத்திரை இருக்கிறதா பாருங்கள், இருந்தால் போதும், பிராண்ட் பெரிய விஷயமில்லை. வாங்கியதும் உங்கள் கவுன்ட்டியின் ஆறிலக்க எண்ணைப் போட வேண்டும். நார்மனும் மூரும் இருக்கும் கிளீவ்லேண்ட் கவுன்ட்டிக்கு 040027. இருக்கும் நாலைந்து பட்டன்களை வைத்துக்கொண்டு மெனுவுக்குள் போய் வருவதற்குள் பொறுமை போய்விடும், அதற்காக அப்படியே விட்டுவிடாதீர்கள். எண் போடாவிட்டால் சுற்றியுள்ள எல்லாக் கவுன்ட்டிக்கும் சேர்த்துக் கத்தும். சிக்னல் இழுக்கவில்லை என்றால் ஜன்னலோரம் வைத்து ஏரியலை நீட்டிப் பாருங்கள்.

குறை என்று பார்த்தால் பெரியது ஒன்று உண்டு. 2007லிருந்து வரைபடத்தில் மேகம் போகும் பாதையை மட்டும் வளைத்துக் கோடு போட்டு, அந்த இடத்துக்கு மட்டும் எச்சரிக்கை விடுகிறார்கள், ஆனால் ரேடியோவுக்குக் கவுன்ட்டிதான் கணக்கு. டொர்னாடோ கவுன்ட்டியின் அந்தக் கோடியில் இருந்தாலும் இந்தக் கோடியில் உங்கள் வீட்டில் அலாரம் அடிக்கும். நாலு தடவை இப்படி ஆனதும் கடுப்பாகி ஒயரைப் பிடுங்கி வைத்தவர்களை எனக்குத் தெரியும். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். வெள்ளம், இடிமழை போன்ற மற்ற அலாரங்களைத் தனித்தனியாக அணைக்கும் வசதி உள்ள மாடலாகப் பார்த்து வாங்கினால் இந்தத் தொல்லை பாதி குறையும். இந்த ஒரு குறைக்காக ஐந்தில் நாலரை கொடுப்பேன்.

ஊரிலிருந்து வந்து ஆறு மாதம் தங்கும் அப்பா அம்மாவுக்கு அந்தக் கம்ப்யூட்டர் ஆங்கிலம் புரியாது. அவர்களுக்கு அலாரத்தை ஒரு தடவை அடித்துக் காட்டி, இந்தச் சத்தம் கேட்டால் எங்களுக்குப் போன் போட்டுக் கேட்டுக்கொண்டிருக்காமல் நேராக இந்த அறைக்குப் போய்விடுங்கள் என்று அறையைக் கையோடு காட்டி வையுங்கள். தரைத்தளத்தில், ஜன்னல் இல்லாத, வீட்டின் நடுவில் உள்ள குளியலறையோ துணி அலமாரி அறையோ சரியாக இருக்கும். இங்கே பெரும்பாலான வீடுகளுக்கு பேஸ்மென்ட் கிடையாது. அந்த அறையிலேயே ஆளுக்கொரு ஹெல்மெட்டும் ஷூவும் போட்டு வையுங்கள், வெளியே வரும்போது தரையெல்லாம் கண்ணாடியும் ஆணியுமாகத்தான் இருக்கும். மொபைல் ஹோமில் (இழுத்து வந்து நிறுத்தும் லேசான வீட்டில்) இருந்தால் அங்கேயே ஒளிவது பலன் தராது, வார்னிங் (எச்சரிக்கை) வரும்வரை காத்திராமல், டொர்னாடோ வரக்கூடிய சூழல் இருக்கிறது என்று சொல்லும் வாட்ச் அறிவித்ததுமே கெட்டியான கட்டடத்துக்குப் போய்விட வேண்டும். பாலத்துக்கு அடியில் ஒதுங்குவதும் கூடாது, 1999 மே 3 அன்று அப்படி ஒதுங்கிய மூன்று பேர் இறந்தார்கள்.

ஏப்ரலிலிருந்து ஜூன் வரைதான் இங்கே உச்சம், அதனால் மார்ச்சுக்குள் வாங்கி, எண் போட்டு, பேட்டரியை மாற்றி வைத்துவிடுங்கள். வாரா வாரம் சோதனை ஒலிபரப்பு ஒன்று விடுவார்கள், உங்கள் பெட்டி அதைப் பிடிக்கிறதா என்று ஒரு தடவையாவது பார்த்துக்கொள்ளுங்கள்.