மெக்பெத் ஆண்ட 17 ஆண்டுகள்: ஐந்து வார நாடக வகுப்பு ஒன்றின் மதிப்புரை

உயர்நிலை நான்கில் படிக்கும் என் மகளுக்கு ஆங்கில இலக்கியத்தில் ஷேக்ஸ்பியரின் ‘மெக்பெத்’ பாடநூல். அந்த நாடகத்தை அவளோடு உட்கார்ந்து படிக்க எனக்கும் யாராவது சொல்லிக்கொடுத்தால் நன்றாயிருக்கும் என்று எண்ணிக்கொண்டிருந்த நாள்களில், லிட்டில் இந்தியாவில் ஒரு கடைவீட்டின் மேல்மாடியில் இயங்கும் சிறிய நாடகக் குழு, இடைக்கால ஸ்காட்லாந்து மன்னர்களையும் அவர்கள் துன்பியல் நாடகத்தில் உருமாறிய விதத்தையும் பற்றி ஐந்து வார வகுப்பு நடத்தவிருப்பதாகத் தெரியவந்தது. சனிக்கிழமை மாலை நான்கு மணி முதல் ஆறு மணி வரை வகுப்பு. ஒருவருக்கு 140 வெள்ளி. விளக்கம் தமிழில், நாடக வரிகள் மட்டும் ஆங்கில மூலத்தில். மகளும் நானும் சேர்ந்தோம். ஐந்து வாரமும் முடிந்து, அவர்கள் தந்த கையேட்டையும் மறுபடி ஒருமுறை படித்த பிறகு இதை எழுதுகிறேன். குறைகளைப் பின்னால் சொல்கிறேன். இரண்டாம் வார வகுப்பு ஒன்றுக்காகவே முழுக் கட்டணத்தையும் கொடுக்கலாம் என்பதை முதலில் சொல்லிவிட வேண்டும்.

முதல் வாரம் கதைச் சுருக்கத்திலும் அறிமுகத்திலும் கழிந்தது. நாடகத்தை முன்பே படித்தவர்கள் அதைத் தவறவிட்டாலும் இழப்பு அதிகமில்லை.

இரண்டாம் வாரம் ஆசிரியர் வெண்பலகையில் 1040, 1606 என்று இரண்டு எண்களை மட்டும் எழுதிவிட்டுப் பேசத் தொடங்கினார். முதலாவது, மெக்பெத் அரியணை ஏறிய ஆண்டு. இரண்டாவது, ஷேக்ஸ்பியர் நாடகத்தை எழுதியதாகப் பெரும்பாலான ஆய்வாளர்கள் கொள்ளும் ஆண்டு. இடையில் கிடக்கும் ஐந்தரை நூற்றாண்டுகளில் ஒரு மன்னர் எப்படிக் கொடுங்கோலனாகச் செதுக்கப்பட்டார் என்பதை அந்த இரண்டு மணி நேரத்தில் அவர் படிப்படியாகக் காட்டினார். நாடகத்தில் மெக்பெத்துக்கு முன் ஆளும் அரசர் டங்கன் நரைத்த முதியவர், அன்பே உருவானவர். விருந்தாளியாக வந்த இடத்தில், தூக்கத்திலேயே மெக்பெத்தின் கையால் குத்திக் கொல்லப்படுகிறார். வரலாற்று டங்கனோ தம் பாட்டனார் இரண்டாம் மால்கமுக்குப் பின் 1034இல் அரசரானவர். டர்ஹாம் நகரை முற்றுகையிட்டுத் தோற்றுத் திரும்பியவர். பின்னர் வடக்கே மோரே பகுதிக்குள் படையோடு நுழைந்து, 1040 ஆகஸ்டு 14 அன்று எல்ஜினுக்கு அருகே மெக்பெத்தின் ஆட்களால் கொல்லப்பட்டவர். அவர் வயது முதிராமல் மாண்டதாக ஐரிஷ் ஆண்டுக்குறிப்பு ஒன்று சொல்கிறது. அங்கே படுக்கையறை இல்லை, குறுவாள் இல்லை, கதவைத் தட்டும் ஓசையும் இல்லை.

அதைவிட என்னை உலுக்கியது ஆட்சிக்காலம்தான். நாடகத்தைப் பார்ப்பவருக்கு மெக்பெத் சில வாரங்கள், மிஞ்சினால் சில மாதங்கள் அரியணையில் இருந்ததாகவே தோன்றும். முடி சூடியதும் உறக்கம் போய்விடுகிறது, விருந்தில் ஆவி வந்து அமர்கிறது, அடுத்து அழிவு. உண்மையில் அவர் ஆண்டது 17 ஆண்டுகள். 1050இல் ரோமாபுரிக்கு யாத்திரை சென்று, ஏழைகளுக்கு விதை தூவுவதுபோலப் பணத்தை வாரி இறைத்தார் என்று அக்காலத் துறவி மரியானஸ் ஸ்காட்டஸ் எழுதிவைத்திருக்கிறார். உள்நாட்டில் எதிரி எப்போது எழுவானோ என்று அஞ்சிக்கொண்டிருக்கும் அரசர் நாட்டைவிட்டு அவ்வளவு தொலைவு போவாரா என்று ஆசிரியர் கேட்டபோது வகுப்பில் சற்று நேரம் பேச்சில்லை. ஆட்சியுரிமையும் நாடகம் காட்டுவதுபோல் நேர்க்கோட்டில் இறங்கவில்லை: தந்தைக்குப் பின் மகன் என்ற வழக்கம் அன்றைய ஸ்காட்லாந்தில் நிலைபெற்றிருக்கவில்லை, அரச குலத்தின் கிளைகளுக்கிடையே தகுதியும் வலிமையும் உடையவரிடம் முடி மாறி மாறிச் சென்றது. அந்த மரபில் பார்த்தால் பாட்டனிடமிருந்து நேரே பேரனுக்குப் போன டங்கனின் முடிசூட்டுதான் புதுமை. இதை விளங்கிக்கொண்ட பிறகு, டங்கன் தன் மகன் மால்கமை வாரிசாக அறிவிக்கும் முதல் அங்கக் காட்சியை முன்புபோல் படிக்க என்னால் முடியவில்லை. அந்த அறிவிப்பைக் கேட்டு மெக்பெத் ஏன் அப்படி அதிர்கிறான் என்பதற்கு நாடகத்துக்கு வெளியேயும் ஒரு காரணம் இருக்கிறது.

பிறகு கதை கைமாறிய வழி. 14ஆம் நூற்றாண்டில் ஜான் ஆஃப் ஃபோர்டன், அவருக்குப் பின் ஆண்ட்ரூ ஆஃப் வின்டௌன், 1527இல் லத்தீனில் எழுதிய ஹெக்டர் போய்ஸ், அவரிடமிருந்து எடுத்துக்கொண்ட ஹாலின்ஷெட் என்று வரலாறெழுதிய ஒவ்வொருவரும் மெக்பெத்தின் மேல் ஒரு பூச்சுப் பூசினார்கள். ஹாலின்ஷெட்டின் வரலாற்று நூல் 1577இல் வெளியானது. ஷேக்ஸ்பியர் கையில் இருந்தது 1587ஆம் ஆண்டின் இரண்டாம் பதிப்பு. நாடகத்தில் மெக்பெத்தின் தோழனாக வரும் பாங்க்வோவும் அவர் மகன் ஃப்ளீயன்ஸும் வரலாற்றில் எங்கும் இல்லாதவர்கள். ஸ்டூவர்ட் அரச குலத்துக்குப் பழம்பெருமையுள்ள மூதாதை வேண்டியிருந்ததால் போய்ஸின் ஏடுகளில் பிறந்தவர்கள். ஹாலின்ஷெட்டில் பாங்க்வோ டங்கனின் கொலைக்கு உடந்தை. ஆனால் 1603இல் ஸ்டூவர்ட் குலத்தவரான ஸ்காட்லாந்தின் ஆறாம் ஜேம்ஸ் இங்கிலாந்தின் முதலாம் ஜேம்ஸாகவும் முடிசூடிக்கொண்டார். ஷேக்ஸ்பியரின் நாடகக் குழு அவருடைய புரவலின்கீழ் வந்தது. அந்த மன்னரின் மூதாதையை மேடையில் கொலைகாரனாகக் காட்ட முடியாது. எனவே நாடகத்துப் பாங்க்வோ கறைபடாதவனானான். அதே ஹாலின்ஷெட், மெக்பெத் முதல் பத்து ஆண்டுகள் நல்ல சட்டங்களோடு நீதியாக ஆண்டதாகவும் எழுதியிருக்கிறார். அந்தப் பத்து ஆண்டுகளை ஷேக்ஸ்பியர் தொடவே இல்லை.

இவ்வளவோடு நின்றிருந்தால் ‘நாடகாசிரியர் வரலாற்றைத் திரித்தார்’ என்ற புகாராக வகுப்பு முடிந்திருக்கும். ஆசிரியர் அங்கே நிற்கவில்லை. டங்கனின் கொலைக்காட்சி ஹாலின்ஷெட்டின் வேறொரு பக்கத்திலிருந்து வந்தது என்று எடுத்துக்காட்டினார். பத்தாம் நூற்றாண்டில் டஃப் என்ற அரசர் ஃபோரஸ் கோட்டையில் விருந்தினராகத் தங்கியிருந்தபோது, கோட்டைத் தலைவன் டொன்வால்ட் தன் மனைவியின் தூண்டுதலால் அவரைக் கொலை செய்வித்தான் என்பது அந்தக் கதை. நாடகத்தில் கொலை செய்த மெக்பெத்தின் காதில், உறக்கத்தைக் கொன்றுவிட்டாய் என்று கூவும் குரலின் வித்து இன்னும் சில பக்கங்கள் தள்ளி, டஃப்பின் மகனை நஞ்சிட்டுக் கொன்ற மன்னர் கென்னத் இரவில் கேட்ட குரலில் இருக்கிறது. மூன்று அரசர்களின் குற்றங்களையும் அச்சங்களையும் பிசைந்து ஒரே மனிதனின் நெஞ்சுக்குள் வைத்ததால்தான் அந்த நெஞ்சு அவ்வளவு பாரம் தாங்குகிறது. துன்பியல் நாடகம் உருவாகும் பட்டறையின் உள்ளே ஒருமுறை நின்று பார்த்த உணர்வு எனக்கு அன்று கிடைத்தது.

அன்று வீடு திரும்பும்போது ரயிலில் நான் மகளிடம் பாண்டியன் நெடுஞ்செழியனைப் பற்றிச் சொன்னேன். ‘யானோ அரசன் யானே கள்வன்’ என்று சொல்லி வீழும் மன்னனாகவே சிலப்பதிகாரத்தின் வழியே அவனை நாம் அறிவோம். அதே ஆரியப்படை கடந்த நெடுஞ்செழியன் பெயரில்தான் ‘பிற்றைநிலை முனியாது கற்றல் நன்றே’ என்ற புறநானூற்றுப் பாட்டும் இருக்கிறது. கல்வியின் உயர்வைப் பாடிய அரசனையும் ஆராயாமல் தீர்ப்புச் சொன்ன அரசனையும் ஒருவனாக வைத்துப் பார்க்க நாம் பழகியிருக்கிறோமா? மெக்பெத்தையும் அப்படித்தான் அணுக வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. ரோமில் பணம் இறைத்தவரை வைத்துக்கொண்டு மேடையில் கைநடுங்குபவனைப் பொய் என்று தள்ளுவதால் எதுவும் கிடைக்கப்போவதில்லை.

மூன்றாம் வாரம் வாசிப்பும் மொழிபெயர்ப்பும். நான்கு பேர் கொண்ட குழுக்களாகப் பிரிந்து சில வரிகளைத் தமிழாக்கினோம். ‘தேன்’ (thane) என்ற ஸ்காட்டியப் பட்டத்தை, அதாவது அரசரிடமிருந்து நிலம் பெற்ற பிரபுவின் பட்டத்தை, எப்படிச் சொல்வது என்பதில் அரைமணி நேரம் போனது. குறுநில மன்னர் என்றால் தனியாட்சி என்று பொருள்படுகிறது, தளபதி என்றால் நிலத்தோடுள்ள தொடர்பு விட்டுப்போகிறது. கடைசியில் ‘வேள்’ என்ற பழஞ்சொல்லைச் சிலர் முன்மொழிந்தார்கள். மேடையில் அது ஒலிக்கும் விதம் எனக்குப் பிடித்திருந்தது. சூனியக்காரிகளின் வாக்குகளுக்கு வந்தபோது ஆசிரியர் ‘இரட்டுறமொழிதல்’ என்ற நம் இலக்கணச் சொல்லை எடுத்துக் கையில் கொடுத்தார். பெண் வயிற்றில் பிறந்த எவனாலும் மெக்பெத்துக்குத் தீங்கில்லை, பர்னம் காடு டன்சினேன் குன்றுக்கு வரும்வரை அவனுக்குத் தோல்வியில்லை என்பவை கேட்பவன் ஒரு பொருள் கொள்ளச் சொல்பவள் வேறொரு பொருள் வைத்திருக்கும் வாக்குகள். இங்கிலாந்து நாடாளுமன்றத்தைத் தகர்க்கத் தீட்டிய 1605 வெடிமருந்துச் சதிக்குப் பின் நடந்த விசாரணைகளில் இப்படி இருபொருள்படச் சத்தியம் செய்வது பெரிய குற்றச்சாட்டாக எழுந்ததையும், கொலைக்குப் பிறகு வரும் வாயில்காப்போன் அதைத்தான் குத்திக்காட்டுகிறான் என்பதையும் அவர் இணைத்துச் சொன்னார். காளமேகப் புலவரின் சிலேடையைச் சுவைத்துப் பழகிய காதுக்கு அதே உத்தி ஓர் உயிரை வாங்கும் கருவியாவதைக் காண்பது புதிய அனுபவம். மகள் பள்ளிக் கட்டுரையில் அந்தச் சொல்லைத் தமிழ் ஒலியிலேயே எழுதி, அடுத்து விளக்கமும் கொடுத்திருக்கிறாள்.

நான்காம் வாரம்தான் எனக்குக் குறை. நாடகத்தில் மெக்பெத்தின் மனைவியான மெக்பெத் சீமாட்டிக்கு ஒதுக்கப்பட்ட வாரம் அது. நடிப்புப் பயிற்சியாக நல்ல வகுப்பு. ஆனால் அவளுக்குப் பின்னால் நிற்கும் உண்மையான பெண்ணுக்குப் பத்து நிமிடமே கிடைத்தது. குரூவாக் என்பது அவள் பெயர். அரச குலத்தில் பிறந்தவள். அவளுடைய முதல் கணவர், மோரேயின் தலைவர், 1032இல் ஐம்பது பேரோடு தீயில் எரிக்கப்பட்டார். அதன்பின் மெக்பெத்தை மணந்தாள். இருவரும் சேர்ந்து லாக் லீவன் துறவியருக்கு நிலம் கொடையளித்த குறிப்பில் அவள் பெயர் அரசரின் பெயரோடு நிற்கிறது. நாடகத்தில் அவளுக்குப் பெயரே இல்லை. தான் பாலூட்டியிருப்பதாக அவள் சொல்கிறாள். அந்தக் குழந்தை எங்கே என்று நாடகம் சொல்வதில்லை. குரூவாக்குக்கு முதல் மணத்தில் லூலாக் என்ற மகன் இருந்தான் என்பதை அந்த வரியின் அருகில் வைத்துப் பேசியிருந்தால் வகுப்பு எங்கோ போயிருக்கும். டேவிட் கிரெய்க் 2010இல் எழுதிய ‘டன்சினேன்’ நாடகம் இந்த அரசியை உயிரோடு வைத்துக்கொண்டே தொடங்குகிறது. அதைப் பெயரளவிலாவது சுட்டியிருக்கலாம்.

கையேட்டைப் பற்றியும் சொல்ல வேண்டும். நாற்பது பக்கம், தாளும் அச்சும் நன்று. ஆனால் முதல் பக்கமே மெக்பெத்தை ‘அரியணையில் உரிமை ஏதுமற்றவன்’ என்று அறிமுகப்படுத்துகிறது. இரண்டாம் வார வகுப்பு இதற்கு நேர்மாறாகப் பேசியது. கையேடு முன்பே அச்சானது என்று காரணம் சொன்னார்கள். திருத்தத் தாள் ஒன்று இணைத்திருந்தால் போதும், வீட்டில் அதை மட்டும் வைத்துப் படிக்கும் மாணவர் குழம்பமாட்டார். அரச வம்சாவளி அட்டவணை, கண்ணாடி போட்டும் படிக்க முடியாத அளவு சிறிய எழுத்தில் இருக்கிறது. அறையில் பதினெட்டுப் பேர் உட்காரலாம், நெருக்கமில்லை. மாடிப்படி செங்குத்தானது, மின்தூக்கி கிடையாது என்பதை மூத்தோர் கவனத்தில் கொள்க.

ஐந்தாம் வாரத்தில் நாடகம் கடந்துவந்த பாதை. சைமன் ஃபோர்மன் 1611இல் குளோப் அரங்கில் பார்த்து எழுதிய குறிப்பு, ஷேக்ஸ்பியர் இறந்து ஏழு ஆண்டுகள் கழித்து 1623இல் வந்த முதல் அச்சு, 1847இல் வெர்டியின் இசைநாடகம், 1957இல் குரோசாவாவின் திரைப்படம் எல்லாம் வேகமாக ஓடின. காணொளித் துண்டுகள் தேவைக்கு மேல் நீண்டதால் பேச நேரம் குறைந்தது. அந்த நேரத்தில் நம் ஊரைக் கொண்டுவந்திருக்கலாமே என்று எனக்கு ஏக்கம். ஷேக்ஸ்பியர் நாடகங்கள் திறந்தவெளியில் நடந்திருக்கும் ஃபோர்ட் கேனிங் குன்று, பழைய சிங்கப்பூரா அரசர்களின் குன்று. தோமே பிரஸ் என்ற போர்ச்சுகீசியர் எழுதியதன்படி, பலெம்பாங் இளவரசரான பரமேசுவரா இங்கே விருந்தினராக வந்து, தன்னை வரவேற்ற ஆட்சியாளரைக் கொன்று அரசரானார். மலாய் வரலாற்று மரபோ அந்தக் கொலையைச் சொல்லாமல், கடைசி அரசர் துரோகத்தால் நாடிழந்த கதையைச் சொல்கிறது. விருந்தினரைக் கொன்ற மன்னனின் நாடகத்தை, விருந்தளித்தவரைக் கொன்றதாகச் சொல்லப்படும் மன்னனின் குன்றிலிருந்து நடந்துபோகும் தொலைவில் உட்கார்ந்து படித்துவிட்டு, அதைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசாமல் எழுந்து வந்தோம்.

கடைசி நாள் மகள் கேட்ட கேள்வியையும் எழுதிவிடுகிறேன். நாடகம் மால்கமை அரசராக வாழ்த்தி முடிகிறது; அப்படியானால் அந்த லூலாக் என்ன ஆனான் என்றாள். ஆசிரியர் மகிழ்ந்து விடை சொன்னார்: 1054இல் மால்கமுக்கு ஆதரவாக ஆங்கிலேயப் பிரபு சிவார்டின் படை வந்தபோது மெக்பெத் தோற்றாரே தவிர இறக்கவில்லை, மேலும் மூன்றாண்டுகள் கழித்து, 1057 ஆகஸ்டு 15 அன்று லம்ஃபனன் என்ற இடத்தில்தான் கொல்லப்பட்டார், அவருக்குப் பின் முடிசூடியவன் லூலாக், அவனும் 1058 மார்ச்சில் கொல்லப்பட்ட பிறகே மால்கம் மன்னரானார். மணி ஆறேகால் ஆகிவிட்டது, யாரும் எழுந்திருக்கவில்லை.

தேர்வுக்கு மதிப்பெண் உத்திகள் தேடி வருபவர்களுக்கு இந்த வகுப்பு பொருந்தாது. நாடகத்தை ஒருமுறையாவது முழுதாகப் படித்தவர்கள், மொழிபெயர்ப்பில் ஆர்வமுள்ளவர்கள், பதினைந்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளோடு சேர்ந்து படிக்க விரும்பும் பெற்றோர் தயங்காமல் சேரலாம். அடுத்த சுற்றை ஆறு வாரமாக்கி, ஒரு வாரத்தை குரூவாக்குக்கும் லூலாக்குக்கும் கொடுங்கள் என்று கருத்துப் படிவத்தில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். அப்படி நடந்தால் அந்த ஒரு வாரத்துக்காக நாங்கள் இருவரும் மீண்டும் முழுக் கட்டணம் கட்டத் தயார்.