ஒய்டூஸா, ஜியூவா: எந்தக் கணவாயைப் பார்ப்பது?

முதல் உலகப் போரில், 1916-இல், ருமேனியப் படைவீரர்கள் கார்பாத்திய மலைவழிகளைக் காத்து நின்ற இடங்களைக் காண விரும்புவோர், நாள்கள் குறைவாக இருக்கும்போது இவ்விரண்டில் எதைத் தேர்வது எனத் தயங்குகின்றனர்.

போரின் போக்கு:
ஒய்டூஸில் ஜெனரல் எரேமியா கிரிகோரெஸ்குவின் 15-ஆவது டிவிஷன், "இவ்வழியே எவரும் கடக்க முடியாது" என்ற முழக்கத்துடன் எதிரியைத் தடுத்து நிறுத்தியது.
ஜியூவில் அக்டோபர் தாக்குதல் முறியடிக்கப்பட்டாலும், முதலாம் படையின் தளபதி இயோன் திராகாலினா படுகாயமுற்று உயிரிழந்தார். நவம்பரில் ஜெர்மானியர் அவ்வழியே ஊடுருவிச் சமவெளியில் இறங்கினர்.

பயணம்:
ஒய்டூஸுக்குச் சாலை மட்டுமே உண்டு.
ஜியூ பள்ளத்தாக்கில் ஆற்றையொட்டிச் சாலையும் ரயில் பாதையும் செல்கின்றன.

காண்பவை:
ஒய்டூஸில் நிலமே சான்று. 866 மீட்டர் உயரத்தில், காடடர்ந்த சரிவுகளுக்கிடையே வளையும் சாலையில் நின்றால், அதைக் காத்தவர்களுக்கு அந்த மலையே எவ்வளவு துணை நின்றிருக்கும் என்பது விளங்கும்.
ஜியூவின் வாயிலில் உள்ள துர்கு ஜியூ நகரிலோ மனிதர்களின் நினைவு நிறைந்திருக்கிறது. 1916 அக்டோபர் 27 அன்று முதியவர்களும் பெண்களும் சாரணச் சிறுவர்களும் ஜியூ பாலத்தைக் காத்த ஊர் இது. அவர்களோடு நின்ற எகதெரினா தியோதொரோயு மறு ஆண்டு போர்முனையில் வீழ்ந்தார். அவரது கல்லறையும் இங்கேயே உள்ளது. வீழ்ந்தோர் நினைவாகச் சிற்பி பிரான்குஷி 1938-இல் எழுப்பிய முடிவிலாத் தூண், ஒரே வடிவிலான வார்ப்பிரும்புக் கண்ணிகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறி, ஏறத்தாழ 29 மீட்டர் உயர்ந்து நிற்கிறது. அதனடியில் நின்று அண்ணாந்து பார்க்கும்போது என்னால் பேச முடியவில்லை.

போர்த்தந்திரம் பயில்வோருக்கும் சொந்த வாகனம் உள்ளவர்களுக்கும் ஒய்டூஸ் ஏற்றது. ஒரே நாளில், ரயிலில், குடும்பத்துடன் செல்வோருக்கு ஜியூவையே பரிந்துரைப்பேன்.