யூரிதேன் பந்து: பீட் வெபரைப் பார்த்து வாங்கலாமா?

பீட் வெபர், பந்தை உருட்டிப் பத்துப் பின்களை (நிற்கும் கட்டைகளை) வீழ்த்தும் பௌலிங் ஆட்டத்தின் அமெரிக்க நட்சத்திரம். கறுப்புக் கண்ணாடி, உருட்டும் முன் பந்து பின்னால் தலைக்கு மேல் ஏறும் பின்வீச்சு. 2012 யு.எஸ். ஓப்பனில் மைக் ஃபேகனை 215-214 என்று ஒரே பின் வித்தியாசத்தில் சாய்த்துவிட்டு, "நீ யாருன்னு நினைச்சுக்கிட்டிருக்கே? நான்தான்!" என்று போட்ட கூச்சல் (இலக்கணம் எங்கே என்று கேட்காதீர்கள்). 37 பிபிஏ (தொழில்முறை பௌலர்கள் சங்கம்) பட்டங்கள், 5 யு.எஸ். ஓப்பன்கள். 1980-களின் தொடக்கத்தில் யூரிதேன் (ஒருவகைப் பிளாஸ்டிக்) மேலுறை கொண்ட பந்து புழக்கத்துக்கு வந்த அதே சமயத்தில், 1982-இல், முதல் பட்டம் வென்றவர் வெபர். அவரைப் பார்த்து யூரிதேன் வாங்க ஆசைப்படுகிறவர்கள் முதலில் தங்கள் கை பந்தை எவ்வளவு சுழற்றுகிறது என்று கவனிக்க வேண்டும்.

பந்து உருளும் தளமான லேனில் எண்ணெய் பூசியிருப்பார்கள். இந்தப் பந்து, பிசின் கலந்த மேலுறை கொண்ட ரியாக்டிவ் பந்துபோல் அந்த எண்ணெயை உறிஞ்சாது. லேனில் சீக்கிரமே திரும்பத் தொடங்கி, சடாரென்று வெட்டாமல் வில்போல வளைந்து போகும். எண்ணெய்ப் பூச்சின் நீளம் 35 அடிக்கும் குறைவாக இருந்தால், வேகமாகச் சுழற்றி விடுபவர்களுக்கு இதைவிட அடக்கமான பந்து கிடையாது. எண்ணெய் நீளத்தில் 31-ஐக் கழித்தால் பந்து திரும்ப வேண்டிய பலகை (லேனை நீளவாக்கில் பிரிக்கும் பட்டை, ஓரத்திலிருந்து எண்ணுவது) தோராயமாகத் தெரியும்: 35 அடி என்றால் 4-ஆம் பலகை. அந்த ஓரத்தில் ரியாக்டிவ் பந்து எங்கே பாயும் என்று சொல்ல முடியாது. யூரிதேன் சொன்னபடி கேட்கும்.

சுழற்சி குறைந்த கையில் கதையே வேறு. பின்களை எட்டும் முன்பே பந்து சக்தியை இழந்துவிடும். பாக்கெட்டில் (முதல் பின்னுக்கும் அடுத்ததற்கும் இடைப்பட்ட இடம்) சரியாக விழுந்தாலும் வலக்கைக்காரருக்கு வலக்கோடியில் உள்ள 10-ஆம் பின் அசையாமல் நிற்கும். வெபரின் பின்வீச்சு உயரமானது என்பதால், பந்தின் எடையே வேகத்தைக் கொடுத்துவிடும். தோளால் தள்ள வேண்டியதில்லை. நாம் தோளை முறுக்கி அந்த வேகத்தைத் தேடினால் கோடு தவறும்.

இன்னொரு தொல்லை: இரண்டு, மூன்று ஆட்டம் போனதும் எண்ணெயை முன்னால் இழுத்துக்கொண்டுபோய்ப் பரப்பிவிடும். முதலில் வளைந்த இடத்தில் இப்போது பந்து வழுக்கும். அப்போது ஓரிரு பலகை வெளிப்பக்கம் நகர்ந்து, கோட்டை நேராக்குங்கள்.

ஆட ஆட மேற்பரப்பு பளபளக்கும், வளைவும் குறையும். 500, பிறகு 1000 கிரிட் (சொரசொரப்பின் அளவு) தேய்ப்புப் பேடால் எல்லாப் பக்கமும் ஒரே அழுத்தத்தில் தேய்த்தால் பழைய வளைவு திரும்பிவிடும். போட்டி தொடங்கிய பின் தேய்ப்பது விதிமீறல்.

ஒரே ஒரு பந்துதான் வாங்க முடியும் என்றால் ரியாக்டிவ் வாங்குங்கள். யூரிதேன் மூன்றாவதாக வரட்டும். இரண்டாவதாக, மிஞ்சிய ஓரத்துப் பின்னை நேராக அடிக்க மலிவான பாலியெஸ்டர் பந்தே போதும்.