சாட்டர்டே நைட் லைவ்: ஆள் மாற்றும் கலைக்கு ஒரு மதிப்புரை

நியூயார்க்கில் சனிக்கிழமை இரவு பதினொன்றரை மணிக்கு நேரலையாகத் தொடங்கும் இந்த அமெரிக்க நகைச்சுவைத் தொலைக்காட்சி நிகழ்ச்சி, ராயபுரத்தில் இருக்கும் எனக்கு ஞாயிற்றுக்கிழமை காலை 9 மணி. நவம்பரில் அவர்கள் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னுக்குத் தள்ளிய பிறகு 10 மணி. காசிமேட்டில் வாங்கிய மீனைக் கழுவி, மஞ்சளும் உப்பும் தடவி வைத்துவிட்டு உட்கார்ந்தால், மதியச் சாப்பாட்டுக்குள் பெரும்பாலான பகுதிகள் யூடியூபில் வந்துவிடுகின்றன. சிரிப்பு வந்ததா இல்லையா என்பதை வாராவாரம் அலசுவதற்குப் பலர் இருக்கிறார்கள். 1975 அக்டோபர் 11 அன்று ஏழு நடிகர்களுடன் தொடங்கிய ஒரு குழு, அந்த ஏழு பேரும் வெளியேறிப் பல பத்தாண்டுகள் ஆன பிறகும் எப்படி அதே குழுவாகவே இருக்கிறது என்பதுதான் என் அக்கறை.

வடசென்னைக்காரருக்கு இது புரியாத விஷயமன்று. சார்பட்டா பரம்பரை, இடியப்ப நாயக்கர் பரம்பரை என்று குத்துச்சண்டையில் நாம் சொல்லும்போது, எந்த ஒரு வீரரையும் குறிப்பதில்லை. வீரர் ஓய்வுபெறுவார், பரம்பரை தொடரும், புதியவர் மேடையேறுவதற்குள் மூத்தவர்களிடம் பயிற்சியில் போதுமான அடி வாங்கியிருப்பார். சாட்டர்டே நைட் லைவில் அந்தப் பயிற்சிக் காலத்துக்கென்றே ஒரு படிநிலை இருக்கிறது. புதிதாகச் சேர்பவரின் பெயர் தொடக்கத்தில் முதன்மை நடிகர்களின் பெயர்களுக்குப் பிறகு, தனிப் பிரிவாக வருகிறது. ஓரிரு ஆண்டுகள் தாக்குப்பிடித்தால் மேல்வரிசைக்கு நகரலாம். இல்லையென்றால் கோடை விடுமுறையில் விடைபெறலாம்.

தேர்வு முறையும் கருணையற்றது. நிகழ்ச்சி நடக்கும் அதே 8எச் அரங்கில், ஏறத்தாழ காலியான இருக்கைகளுக்கு முன்னால், ஐந்து நிமிடம் போலத் தனியே நடித்துக் காட்ட வேண்டும். உட்கார்ந்திருப்பவர்கள் பெரும்பாலும் சிரிப்பதில்லை என்று தேறியவர்களும் தேறாதவர்களும் ஒன்றுபோலச் சொல்லியிருக்கிறார்கள். ஜிம் கேரி தேறாதவர்களில் ஒருவர்.

ஆளை மாற்றுவதில் இந்த நிகழ்ச்சி கற்ற பாடங்கள் எல்லாம் தோல்வியில் கற்றவை. 1980இல் நிறுவனர் லோரன் மைக்கேல்ஸ் விலகியபோது நடிகர்களும் கூடவே வெளியேற, பொறுப்பேற்ற ஜீன் டூமேனியன் முழுக்க முழுக்கப் புதியவர்களைக் கொண்டு தொடங்கி, பன்னிரண்டு நிகழ்ச்சிகளுக்குள் பதவியை இழந்தார். அந்தக் குழுவிலிருந்து அடுத்த ஆண்டுக்குத் தப்பிப் பிழைத்தவர்கள் எடி மர்ஃபியும் ஜோ பிஸ்கபோவும் மட்டுமே. 1985இல் திரும்பி வந்த மைக்கேல்ஸும் அதே தவறைச் செய்தார். ராபர்ட் டௌனி ஜூனியர், ஜோன் கியூசாக் என்று திரைமுகம் உள்ள இளைஞர்களைச் சேர்த்தார், ஒன்றும் ஒட்டவில்லை. அந்த ஆண்டின் கடைசி நிகழ்ச்சியில் அரங்கு தீப்பிடிப்பது போலவும், மைக்கேல்ஸ் ஜான் லோவிட்ஸ் ஒருவரை மட்டும் காப்பாற்றி இழுத்துச் செல்வது போலவும் ஒரு காட்சி வைத்தார்கள். ஆள்குறைப்பையே நகைச்சுவையாக்கிய அந்தத் துணிச்சலை நான் இன்றும் ரசிக்கிறேன், எரிந்தவர்களின் இடத்தில் இருந்து பார்த்தால் அவ்வளவாக ரசிக்க முடியாது என்றாலும். அடுத்த பருவத்தில் எஞ்சிய சிலரோடு டேனா கார்வி, ஃபில் ஹார்ட்மன், ஜான் ஹூக்ஸ் ஆகியோரைக் கலந்தார். நிகழ்ச்சி எழுந்து நின்றது. பழைய மாவு கொஞ்சம் கலந்தால்தான் புதுமாவு புளிக்கும் என்பது நம் வீட்டுச் சமையலறைக்குத் தெரிந்த உண்மைதான்.

இப்போதைய நிலைக்கு வருவோம். 2022இல் கேட் மெக்கினன், எய்டி பிரையன்ட், பீட் டேவிட்சன் உட்பட எட்டுப் பேர் விலகியபோது பலரும் கைவிரித்தார்கள். அன்று வந்த நால்வரில் மார்செல்லோ ஹெர்னாண்டஸ், இரண்டே ஆண்டுகளில் டொமிங்கோ என்னும் பாத்திரத்தால் தெருவெல்லாம் தெரிந்த முகமானார்; மற்ற மூவரும் இன்று குழுவில் இல்லை. நால்வரில் ஒருவர் என்பது மோசமான கணக்கன்று. ஐம்பதாவது சீசன் முடிந்ததும் ஹைடி கார்ட்னர், ஈகோ நுவோடிம் போன்றவர்கள் போக, 2025 அக்டோபரில் ஐந்து பேரைச் சேர்த்து, பதினேழு பேருடன் தொடங்கினார்கள். ஐவரில் பென் மார்ஷல் ஏற்கெனவே அங்கே எழுதியும் குறும்படங்களில் நடித்தும் வந்தவர். டினா ஃபே, காலின் ஜோஸ்ட், மைக்கி டே ஆகியோரும் எழுத்தாளர் அறையிலிருந்து மேடைக்கு வந்தவர்கள்தான். உள்ளிருந்தே உயர்த்தப்படுகிறவருக்கு வாரத்தின் தாளம் முன்பே பழகிவிடுகிறது: புதன்கிழமை நாற்பது கதைகளை உரக்கப் படிப்பதும், சனிக்கிழமை மாலைப் பார்வையாளர் ஒத்திகைக்குப் பிறகு தன் காட்சி வெட்டப்பட்டாலும் முகம் சுளிக்காமல் இன்னொருவர் காட்சியில் கதவைத் திறக்க நிற்பதும்.

குறைக்கு வருகிறேன். சில ஆண்டுகளுக்கு முன் இந்தக் குழு இருபத்தொரு பேர் வரை வீங்கியது. அவ்வளவு பேருக்கு ஒன்றரை மணி நேரத்தில் பங்கு கிடைக்காது. அதைவிட உறுத்துவது விருந்தாளிப் பழக்கம். 2020இல் ஜோ பைடனாக நடிக்க, ஒருகாலத்தில் தேறாத அதே ஜிம் கேரியை அழைத்தார்கள். 2024 தேர்தல் நேரத்தில் கமலா ஹாரிஸாக மாயா ருடால்ஃப், பைடனாக டேனா கார்வி, ஹாரிஸின் கணவர் டக் எம்ஹாஃபாக ஆண்டி சாம்பெர்க் என்று பழைய நட்சத்திரங்களே தொடக்கக் காட்சிகளை நிரப்ப, சம்பளம் வாங்கும் இளைஞர்கள் பின்வரிசையில் தலையாட்டிக்கொண்டிருந்தார்கள். வாத்தியாரே கையுறை மாட்டிக்கொண்டு மேடையேறினால் சீடர் எப்போது குத்துவார்? டிரம்ப்பாக ஜேம்ஸ் ஆஸ்டின் ஜான்சன் நடிப்பது, இந்தக் குறைக்கு நடுவில் ஓர் ஆறுதல். அவர் குழுவின் சொந்த ஆள்.

நம் ஊர் லொள்ளு சபாவை நினைக்காமல் இதை எழுத முடியவில்லை. சந்தானம் சினிமாவுக்குப் போனபோது ஜீவா முன்னுக்கு வந்தார். சுவாமிநாதனும் மனோகரும் சுற்றி நின்றதால் நிகழ்ச்சியின் முகம் மாறியும் குரல் மாறவில்லை. அமெரிக்காவில் அந்த வேலையைச் செய்பவர் 2003இல் சேர்ந்த கெனன் தாம்சன்; 2025 அக்டோபரில் தொடங்கியது அவருடைய இருபத்து மூன்றாவது சீசன். அவர் போகும் நாளில் என்ன செய்வார்கள் என்பதுதான் எனக்கு இருக்கும் ஒரே கவலை.

ஐந்துக்கு மூன்றரை தருகிறேன். முதன்முறையாகப் பார்க்கிறவர்கள் பழைய புகழ்பெற்ற துண்டுகளில் தொடங்காமல், 2025 அக்டோபர் மாதத்துக் காட்சிகளில் தொடங்கி, ஒரு வசனம் மட்டுமே கிடைத்தவரைக் கவனித்துப் பார்க்கலாம்.